தோற்ற அமைச்சரும் விளைந்த கோதுமையும்

1964 ஜூனில் லால் பகதூர் சாஸ்திரி அமைச்சரவை அமைத்தபோது, டெல்லியில் யாரும் ஆசைப்பட்டுக் கேட்காத துறை உணவு. விளைச்சல் குறைந்தால் பழி அமைச்சருக்கு, கூடினால் பெருமை மழைக்கு. அமெரிக்காவின் பி.எல். 480 உணவு உதவித் திட்டக் கோதுமை கப்பல் கப்பலாக வந்து இறங்கிய காலம் அது. எஃகுத் துறையைப் பார்த்துக்கொண்டிருந்த சி. சுப்பிரமணியம் அந்தச் சுமையை ஏற்றுக்கொண்டார்.

பொள்ளாச்சி வட்டாரத்துச் செங்குட்டைப்பாளையத்தில் 1910இல் பிறந்தவர். வழக்கறிஞர், அரசியல் நிர்ணய சபை உறுப்பினர், 1952 முதல் பத்தாண்டுகள் சென்னை மாநில அமைச்சர். 1954இல் முதல்வர் பதவியிலிருந்து ராஜாஜி விலகியதும், காங்கிரஸ் சட்டமன்றக் கட்சித் தலைவர் பதவிக்குக் காமராஜரை எதிர்த்து நின்று 93க்கு 41 என்று தோற்றார். காமராஜரோ அவரையே அமைச்சரவையில் சேர்த்து, கல்வித் துறையையும் கொடுத்தார். 'குலக்கல்வி' என்று எதிர்ப்பாளர்கள் சாடிய ராஜாஜியின் கல்வித் திட்டம் கைவிடப்படுவதாக அறிவிக்கும் வேலை, ராஜாஜி அணியின் வேட்பாளராக நின்ற இவர் தலையில்தான் விழுந்தது. கோஷ்டியை ஓரம் வைத்துவிட்டுத் துறையை நடத்தும் பழக்கம் அங்கே படிந்திருக்க வேண்டும்.

1962இல் மக்களவைக்குத் தேர்வாகி நேரு அமைச்சரவைக்குப் போனார். உணவுத் துறைக்கு வந்தபோது அவருக்குக் கைகொடுத்தது இந்த மாநில அனுபவம்தான் என்பேன். வேளாண்மை நம் அரசியலமைப்பில் மாநிலப் பட்டியலில் இருக்கிறது. எந்த வயலில் என்ன விதைப்பது என்று மத்திய அமைச்சர் உத்தரவிட முடியாது. அவர் கையில் இருப்பவை விலை, கொள்முதல், இறக்குமதி, உரத்துக்கான அந்நியச் செலாவணி ஆகியவையே. அவற்றை வைத்துத்தான் காய் நகர்த்த வேண்டும்.

சுப்பிரமணியம் முதலில் பிடித்தது விலையை. நல்ல விளைச்சல் வந்தால் சந்தையில் விலை சரியும். கடன் வாங்கி உரம் போட்டவன்தான் முதலில் மூழ்குவான். அரசு ஒரு விலையை முன்கூட்டியே சொல்லி, அந்த விலைக்கு வாங்கவும் செய்தால்தான் விவசாயி புது விதையைத் தொடுவான். அப்படி வாங்குவதற்கான இந்திய உணவுக் கழகம் 1965 பொங்கலன்று பிறந்தது. அதன் முதல் மாவட்ட அலுவலகம் தஞ்சாவூரில். அதே ஜனவரியில் வேளாண் விலை ஆணையமும் வந்தது.

அமைச்சரவைக்குள் இது எளிதாக நடக்கவில்லை. விவசாயிக்குக் கூடுதல் விலை கொடுத்தால் விலைவாசி ஏறும் என்றார் நிதியமைச்சர் டி.டி. கிருஷ்ணமாச்சாரி. உரத்துக்குச் செலாவணி எங்கே என்றது திட்டக் குழு. நாட்டை அமெரிக்காவிடம் அடகு வைக்கிறார் என்றார்கள் இடதுசாரிகள். இதற்கு நடுவே 1965 பிப்ரவரியில், இந்தி எதிர்ப்புப் போராட்டத்தின்போது, சக மத்திய அமைச்சர் ஓ.வி. அழகேசனும் இவரும் பதவி விலகல் கடிதம் கொடுத்தார்கள். சாஸ்திரி உறுதியளித்த பிறகே திரும்பப் பெற்றார்கள்.

1966இல் மெக்சிகோவிலிருந்து 18,000 டன் குட்டைக் கோதுமை விதை வந்தது. எம்.எஸ். சுவாமிநாதன் போன்ற விஞ்ஞானிகள் அதன் திறனைச் சோதனை வயல்களில் ஏற்கெனவே காட்டியிருந்தார்கள். பொய்த்துப்போனால் யார் பொறுப்பு என்ற கேள்விக்குத் தன் பெயரை முன்வைத்ததுதான் அமைச்சரின் பங்கு. டெல்லியில் தன் பங்களாப் புல்வெளியையே உழுது கோதுமை விதைத்தார். நீர்வளம் உள்ள மாவட்டங்களுக்கே முன்னுரிமை தந்ததால் மானாவாரி விவசாயி பின்தங்கினார் என்ற குறை நியாயமானது. பஞ்சாபில் நிலத்தடி நீர் சரிந்த கதையும் அங்கிருந்தே தொடங்குகிறது.

பலன் வந்தபோது அவர் பதவியில் இல்லை. 1967 தேர்தலில் தி.மு.க.வின் 'ரூபாய்க்கு மூன்று படி அரிசி' முழக்கம் சென்னை மாநிலத்தையே புரட்டிப்போட, உணவு அமைச்சர் கோபிசெட்டிபாளையத்தில் தோற்றார். 1964-65இல் சுமார் 1.2 கோடி டன்னாக இருந்த கோதுமை விளைச்சல் 1967-68இல் 1.65 கோடி டன்னைத் தொட்டது. 1968 ஜூலையில் கோதுமைப் புரட்சிக்கு அஞ்சல்தலை வெளியானபோது உணவு அமைச்சர் ஜெகஜீவன் ராம்.

1971இல் கிருஷ்ணகிரியில் வென்று திரும்பினார். நெருக்கடி நிலைக் காலத்தில் நிதியமைச்சர், 1979இல் சரண் சிங் அரசில் பாதுகாப்பு அமைச்சர், பின்னர் மகாராஷ்டிர ஆளுநர். 1998இல் பாரத ரத்னா. 2000 நவம்பரில் காலமானார். அவர் காலத்து விலை ஆணையம் 1985இல் பெயர் மாறி, இன்றும் ஒவ்வொரு பருவத்துக்கும் விலையைப் பரிந்துரைக்கிறது. அந்த விலைக்குச் சட்ட உத்தரவாதம் வேண்டும் என்பது டெல்லி எல்லையில் போராடிய விவசாயிகள் எழுப்பிய கோரிக்கைகளில் ஒன்று.