கோர்ட்டு உத்தரவும் கடைசி இலையும்

'கோர்ட்டு அவமதிப்பு' என்றதும், நீதிபதியைப் பார்த்து யாரோ கூச்சல் போட்டுவிட்டார் என்றுதான் நம்மில் பலர் நினைக்கிறோம். அதுவும் உண்டு. ஆனால் வாயே திறக்காமல், பவ்வியமாகக் கைகட்டி நின்றபடியே கூட கோர்ட்டை அவமதிக்கலாம்! 'செய்' என்ற உத்தரவை வேண்டுமென்றே செய்யாமலிருந்தால் போதும். இதைத்தான் 1971-ஆம் வருஷத்துச் சட்டம் 'சிவில் அவமதிப்பு' என்கிறது. தண்டனை, ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டுமே.

இதற்கும் காரைக்கால் வயலுக்கும் என்ன சம்பந்தம் என்கிறீர்களா?

காரைக்காலுக்கு மூன்று பக்கம் தமிழ்நாடு. நாலாவது பக்கம் கடல். 1954 வரை பிரெஞ்சுக் கொடி பறந்த ஊர், இன்று புதுச்சேரியைச் சேர்ந்தது. குடகில் புறப்படும் காவிரி, கர்நாடகத்து அணைகளைத் தாண்டி, மேட்டூரில் தங்கி, கல்லணையில் பிரிந்து, எத்தனையோ மதகுகளுக்குக் கொடுத்ததுபோக மிஞ்சியதுதான் அரசலாறாகவும் திருமலைராஜனாறாகவும் இங்கே வந்து சேருகிறது. கல்யாணப் பந்தியில் கடைசி இலை மாதிரி. சாதம் குறைந்தால் முதலில் தெரிவது அந்த இலையில்தானே?

காவிரி நடுவர் மன்றம் 1991 ஜூனில் இடைக்கால உத்தரவு போட்டது. கர்நாடகம் வருஷத்துக்கு 205 டி.எம்.சி. மேட்டூருக்கு வந்து சேரும்படி விடவேண்டும். அதிலிருந்து தமிழ்நாடு 6 டி.எம்.சி.யைக் காரைக்காலுக்குத் தரவேண்டும். (ஒரு டி.எம்.சி. என்றால் நூறு கோடி கன அடி.) கர்நாடகம் உடனே ஓர் அவசரச் சட்டம் கொண்டுவந்து, அந்த உத்தரவு தன்னைக் கட்டுப்படுத்தாது என்றது. அந்தச் சட்டம் செல்லாது என்று நவம்பரில் சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது.

2002-இல் மழை பொய்த்தது. அங்கேயும் வயல் காய்ந்தது என்பதை மறுப்பதற்கில்லை. சுப்ரீம் கோர்ட்டு தண்ணீர் விடச் சொல்லியும், கர்நாடகம் சில நாள் விட்டு நிறுத்திக்கொண்டது. முதலமைச்சர் எஸ்.எம். கிருஷ்ணா பாதயாத்திரை கிளம்பினார். தமிழ்நாடு அவமதிப்பு வழக்குத் தொடுத்தது. கடைசியில் மதகும் திறந்தது. நிபந்தனையற்ற மன்னிப்பும் வந்தது. கோர்ட்டுக்கு வேண்டியிருந்ததும் அதுதான். முதலமைச்சரைச் சிறையில் வைத்தால் நாற்று பிழைத்துவிடுமா?

2007-இல் வந்த இறுதித் தீர்ப்பு புதுச்சேரியின் பங்கை 7 டி.எம்.சி.யாக வைத்தது. 2018 பிப்ரவரி 16-இல் சுப்ரீம் கோர்ட்டு தமிழ்நாட்டின் பங்கில் 14.75 டி.எம்.சி.யைக் குறைத்தபோதும், இந்த ஏழில் கைவைக்கவில்லை. ஆறு வாரத்தில் ஒரு 'ஸ்கீம்' வகுக்கும்படி மத்திய சர்க்காருக்குக் கெடுவும் வைத்தது.

கெடு முடிந்தது, ஸ்கீம் வரவில்லை. 'ஸ்கீம் என்றால் என்ன அர்த்தம்?' என்று விளக்கம் கேட்டு மனுதான் வந்தது! கடைக்குப் போகச் சொன்ன பிள்ளை, சாயங்காலம் வந்து "எந்தக் கடை அம்மா?" என்று கேட்பதுபோல. தமிழ்நாடு மறுபடியும் அவமதிப்பு மனுப் போட்டது. மே 18-இல் ஸ்கீம் கோர்ட்டின் ஒப்புதல் பெற்றது. ஜூன் 1-இல் காவிரி நீர் மேலாண்மை ஆணையம் அமைந்தது. யாரும் சிறைக்குப் போகவில்லை.

ஆனால் கர்நாடகம் பணிந்தால் மட்டும் காரைக்கால் வயல் நனைந்துவிடாது. நடுவே தமிழ்நாட்டு மதகுகளும் திறக்கவேண்டும். மேட்டூர் திறக்க வழக்கமான நாள் ஜூன் 12. அங்கே கதவு உயர்ந்த பிறகும், காரைக்கால் விவசாயி விதை மூட்டையை அவிழ்க்காமல் வாய்க்காலைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.