செயலி வந்த பிறகும் அலைவரிசை எதற்கு?

ஜப்பானில் 2010-இல் வந்த ராடிகோ சேவை, வானொலியைக் கைப்பேசிக்குள் கொண்டுவந்தது. ஒரு வாரத்துக்கு முந்தைய நிகழ்ச்சியைக்கூட இப்போது கேட்கலாம். அப்படியானால் ஒலிபரப்புக் கோபுரம் எதற்கு என்று கேட்பவர்களுக்கு, 2011 மார்ச் பூகம்பமே பதில். மின்சாரம் போய், கைப்பேசிக் கோபுரங்களும் செயலிழந்த ஊர்களில், பேட்டரி போட்ட சின்ன ரேடியோதான் குடிநீர் எங்கே கிடைக்கும் என்பதுவரை சொன்னது. இந்நிலையில், ஜப்பானின் 47 தனியார் ஏஎம் நிலையங்களில் 44, 2028-க்குள் எஃப்எம்முக்கு மாறப்போவதாக 2021-இல் அறிவித்தன. செலவைப் பார்த்தால் நியாயம்தான். ஏஎம் கோபுரத்துக்குப் பரந்த நிலமும் பெரும் பணமும் வேண்டும். ஆனால் ஏஎம் அலை மலை தாண்டியும் எட்டும். எஃப்எம் மலை மறைவில் மங்கிவிடும். மலைகள் நிறைந்த அந்த நாட்டில், பள்ளத்தாக்குகளுக்குப் போதுமான துணை ஒலிபரப்பிகளை நிறுவாமல் ஏஎம்மை நிறுத்துவது ஆபத்தான அவசரம்.