நடுக்குவாதமும் சஸ்திர சிகிச்சைக்குப் பிந்திய பராமரிப்பும்

பொன்னேரி, மீஞ்சூர்ப் பக்கத்துக் கிராமங்களிலிருந்து எண்ணூர், திருவொற்றியூர் ஆலைகளுக்கும் ராயபுரத்துப் பட்டறைகளுக்கும் சென்று உழைத்து, முதுமையில் நிலத்தை நாடித் திரும்புவோர் உண்டு. அவர்களிலும், ஏர் பிடித்தே வாழ்ந்தவர்களிலும், சிலருக்குக் கைநடுக்கமும் அங்க விறைப்பும் நடைத்தளர்ச்சியும் காணும். 1817-ம் வருஷத்தில் இங்கிலாந்து தேசத்து வைத்தியர் ஜேம்ஸ் பார்க்கின்ஸன் விவரித்த வியாதி இதுவே. மூளையில் டோபமைன் என்னும் பொருளைச் சுரக்கும் உயிரணுக்கள் நாளடைவில் நசிப்பதால் இது உண்டாகிறது.

மருந்தின் பலன் சீராய் நில்லாதபோது, தக்கவர்களுக்கு மூளையில் மெல்லிய மின்கம்பிகளைச் செலுத்தி, காறையெலும்பின் கீழ்த் தோலினுள் வைத்த மின்கருவியுடன் இணைப்பார்கள். பிரான்ஸ் தேசத்தில் 1987-ல் டாக்டர் பெனாபிட் நடுக்கத்திற்கு இம்முறையைக் கையாண்டார். அதற்கு முன்பே, 1975-ல், சென்னை டாக்டர் டி. எஸ். கனகா மூளையில் நெடுநாள் தங்கும் மின்கம்பிகளைப் பொருத்தியது நமக்குப் பெருமை தருவதாகும்.

எனினும் இச்சிகிச்சையால் வியாதி வேரறுவதில்லை. நடுக்கமும் விறைப்பும் தணியும். பேச்சுக் குழறலும் கீழே விழும் அபாயமும் பெரும்பாலும் நீங்கா. ஆகையால் குடும்பத்தார் கவனிக்க வேண்டியவை வருமாறு:

1. மருந்தை வேளை தவறாது கொடுக்கவேண்டும். லெவோடோபா மருந்தை உணவுக்கு அரைமணி முன்னதாகக் கொடுத்தல் நலம். மீன், பருப்பு, பால் முதலியவற்றிலுள்ள புரதம் அதன் பலனைக் குறைக்கக்கூடும்.

2. பூனைக்காலி விதையிலும் இதே லெவோடோபா இருக்கிறது. தோட்டத்தில் விளைகிறதென்று அதனை வைத்தியரறியாமல் சேர்த்துக் கொடுத்தலாகாது.

3. மின்சாரப் பற்றவைப்பு வேலையையும் பெரிய காந்தங்களையும் வைத்தியர் அனுமதியின்றி அணுகலாகாது. வலிக்கு டயாதெர்மி சூடு வைத்தல் ஆபத்து. கருவியின் பாட்டரி தீருமுன் மாற்றவேண்டும்.

4. வாசற்படியருகே கால் எழாமல் நின்றுவிடின், பிடித்திழுக்க வேண்டாம். தரையில் சுண்ணாம்பால் குறுக்குக் கோடுகள் இட்டு, அவற்றைத் தாண்டி அடி வைக்கச் சொல்லுக.

கிராம உத்தியோகஸ்தர்களுக்கும் ஒரு வார்த்தை. இவ்வியாதியில் கையெழுத்து வரவரச் சிறுத்துவிடும். பட்டாதாரரின் பழைய கையெழுத்தோடு ஒவ்வாததை மட்டுங்கொண்டு வஞ்சகமென்று ஐயுறலாகாது. அவரையே நேரில் விசாரித்து அறிக. முகம் அசைவற்றிருப்பினும், குரல் தாழ்ந்திருப்பினும், பலருக்கு அறிவு தெளிவாகவே இருக்கும். அவர் பதில் சொல்லச் சற்றே பொறுத்திருந்தால், தம் நிலத்தைப் பற்றி அவரே சொல்லுவார்.