கருங்காலி என்னும் சொல்

பலெர்மோவின் கால்சாப் பகுதியில் குடியிருக்கும் நம்மவருக்குத் தெருப்பெயர்களே பழைய தொழில்களின் இடாப்பு எனலாம். பியாற்சா மரீனாவுக்கு அண்மையில் உள்ள வியா பொத்தாய், பீப்பாய் செய்வோரின் தெரு. மேசை, அலுமாரி முதலிய தளபாடங்களை நுட்பமாகச் செய்யும் தச்சரை இத்தாலியர் 'எபனிஸ்தா' என்பர். எபனோ என்பது கருங்காலி மரம். ஆகவே எபனிஸ்தா என்றால் கருங்காலித் தச்சர். அவர் தம் வாழ்நாளில் கருங்காலித் துண்டொன்றைத் தொடாதவராகவும் இருக்கலாம். ஆயினும் அப்பெயரால் அழைக்கப்படுவது அவருக்குப் பெருமை. நம் மொழியிலோ ஒருவரைப் பார்த்துக் 'கருங்காலி' என்று சொல்லிவிட்டால் அன்றோடு பேச்சுவார்த்தை நின்றது.

இதே சொல் நவக்கிரக ஹோமத்தில் சமித்தின் பெயராக ஒலிக்கிறது. அண்மைக் காலமாக மாலையாகவும் பலர் கழுத்தில் தொங்குகிறது. இது வெறும் சொல்லாராய்ச்சியாக இருந்தால் பண்டிதர்களிடம் விட்டுவிடலாம். பணமும் உடல்நலமும் இதனுள் வந்து சேர்ந்துவிட்டதால், இச்சொல் எதனை எதனைக் குறிக்கிறது என்று சற்று ஆற அமரப் பார்ப்பது நல்லது.

இலங்கையிலிருந்து வந்தவர்களுக்குக் கருங்காலி என்றால் வன்னியிலும் திருகோணமலை, மட்டக்களப்புக் காடுகளிலும் பாலை, வீரை, முதிரை ஆகியவற்றோடு வளரும் மரம். சிங்களத்தில் களுவர என்பர். காரைநகரில் கருங்காலி என்றே ஓர் ஊர்ப்பகுதி இருக்கிறது. இம்மரத்துக்குத் தாவரவியலார் இட்ட பெயர் டயோஸ்பைரஸ் எபெனம். அப்பெயரோடு இணைந்திருப்பவர் கோனிக் என்னும் மருத்துவர். சுவீடன் நாட்டு லின்னேயஸிடம் கற்று, 1768இல் டேனிஷ் மிசனின் வைத்தியராகத் தரங்கம்பாடிக்கு வந்தவர். நோயாளிகளைப் பார்த்த நேரம் போக மிகுதி நேரத்தில் செடிகொடிகளைப் பார்த்தார் என்பதைவிட, செடிகொடிகளைப் பார்த்த நேரம் போக மிகுதியில் நோயாளிகளைப் பார்த்தார் என்பதே பொருந்தும் போலும். 1785இல் இந்தியாவிலேயே காலமானார்.

இம்மரத்தை வெளியிலிருந்து பார்த்தால் அதன் சிறப்புத் தெரியாது. பட்டைக்கு உள்ளே வெளிறிய மென்மரம். அதற்கும் உள்ளே, நடுவில்தான், மையைக் கொட்டியது போன்ற கரிய வைரம். மரத்தின் நடுப்பகுதியில் உயிரணுக்கள் இறந்து, நீர் ஏறும் குழாய்கள் அடைபட்டு, பிசினும் நிறப்பொருள்களும் அங்கே படிந்து இறுகுவதால் வைரம் உண்டாகிறது. மரத்தில் உயிருள்ள பகுதி மெலிது. இறந்துபோன பகுதியே வலிது. பூச்சியும் பூஞ்சணமும் எளிதில் அணுகாததும் அப்பகுதியையே. மரம் மிக மெதுவாக வளர்வதால், பேரன் வெட்டவேண்டிய மரத்தைப் பாட்டன் நடவேண்டும். இலங்கையில் இன்று உரிமமின்றி இதனை வெட்டவோ ஏற்றிச் செல்லவோ முடியாது.

வைரத்துக்குப் பழந்தமிழில் காழ் என்று பெயர். தொல்காப்பியம் தாவரங்களைப் பிரிக்கும்போது இந்தக் காழைத்தான் அளவுகோலாகக் கொள்கிறது. உள்ளே காழ் உள்ளவை மரம். வெளியே காழ் உள்ளவை புல். அந்தக் கணக்கில் பனையும் தென்னையும் மூங்கிலும் புல்லினம். யாழ்ப்பாணத்தில் வீட்டுக்குப் பனஞ்சிலாகை அறுத்தவர்களுக்கு இது விளங்கும்: பனையில் வைரம் வெளிப்புறத்தில், சோத்தி உட்புறத்தில். இன்றைய தாவரவியலும் பனையைப் புல்லின் பக்கத்திலேயே, ஒருவித்திலைத் தாவரமாக வைக்கிறது. இருதயத்தை ஒத்த நடுப்பகுதி எங்கே இருக்கிறது என்று பார்த்து உயிரினத்தை வகுத்த அந்தப் பார்வை வியப்புக்குரியது. வயதான பின்னும் தளராதவரை 'வைரம் பாய்ந்த கட்டை' என்கிறோமே, அது இந்த அனுபவத்திலிருந்து வந்த பேச்சுத்தான்.

கருங்காலியின் உறவுமரங்கள் நமக்குப் புதியவையல்ல. வலைக்குச் சாயமேற்றக் காய் தரும் பனிச்சை இதன் ஒன்றுவிட்ட சகோதரம். மட்டக்களப்புப் பனிச்சங்கேணிக்குப் பெயர் தந்தது அதுவே. வட இந்தியாவில் பீடி சுற்றும் இலையும் இக்குடும்பத்து மரமொன்றின் இலை. இங்கே இலையுதிர் காலத்தில் சந்தைக்கு வரும் செம்மஞ்சள் நிறக் காக்கிப் பழமும் இதே இனம். பலெர்மோவுக்கு அருகே மிசில்மேரி என்னும் ஊர் அப்பழத்துக்குப் பெயர் பெற்றது. காயாக இருக்கும்போது கடித்தால் நாக்கைப் பிடித்திழுக்கும் அந்தத் துவர்ப்பு, பனிச்சங்காயின் துவர்ப்பேதான்.

இனி இரண்டாவது மரம். தமிழ்நாட்டுச் சித்த வைத்தியர் கருங்காலி என்று சொல்வது மேலே சொன்ன மரத்தை அன்று. அது முள்ளுள்ள மரம்; வேல மரத்துக்கு உறவு; வைரம் கருமையன்று, கருஞ்சிவப்பு. சமஸ்கிருதத்தில் கதிரம். நெடுங்காலம் அக்கேசியா கட்டெச்சு எனப்பட்டது. இப்போது செனகாலியா என்னும் பேரினத்தில் சேர்த்துள்ளனர். அதன் நெருங்கிய இனமொன்றுக்குத் தமிழில் செங்கருங்காலி என்று பெயர். சிவப்பான கறுப்புக்காலி! பெயர் வைத்தவருக்கே இரண்டு மரங்களும் குழம்பியிருக்க வேண்டும்.

ஒன்பது கோள்களுக்கும் ஒன்பது சமித்துச் சொல்லப்பட்டிருப்பதை அடியார்கள் அறிவர். சூரியனுக்கு எருக்கு, சந்திரனுக்கு முருக்கு, செவ்வாய்க்குக் கருங்காலி என்று அது போகும். வடமொழியில் அந்த இடத்தில் இருப்பது கதிரம். எனவே ஹோமத்துக்கு வேண்டியது சிவந்த வைரமுள்ள முள்மரமே. தளபாடம் செய்யும் கரிய மரம் அல்ல. செந்நிறக் கோளுக்குச் செந்நிற மரம் என்ற பொருத்தமும் அதில் தெரிகிறது. கறுப்பாக இருந்தால்தான் அசல் என்று எண்ணி, சமித்துக் கட்டை வெளிறிச் சிவந்திருப்பதாகக் குறைகூறுவோர் இதனைக் கவனிக்கவும்.

இந்தச் சிவந்த மரத்துக்கு வைத்தியத்தில் உண்மையான இடம் உண்டு. அதன் வைரத்தைச் சிறு துண்டுகளாக்கி நீரில் காய்ச்சி இறுக்கினால் கிடைப்பதே வெற்றிலையோடு போடும் காசுக்கட்டி. அதிலுள்ள துவர்ப்புப் பொருளுக்குக் கட்டெச்சின் என்று பெயர். தேயிலையில் இருப்பதாக இன்று விளம்பரம் செய்யப்படும் அதே கட்டெச்சின் இம்மரத்திலிருந்தே பெயர் பெற்றது. வாய்ப்புண்ணுக்கும் ஈறுக்கும் தோல்நோய்க்கும் வயிற்றோட்டத்துக்கும் நம் முன்னோர் இதனைப் பயன்படுத்தியதில் வியப்பில்லை. துவர்ப்பு, தசையைச் சுருக்கும். மலையாளிகள் இதன் சிராய்களைப் போட்டுக் கொதிக்கவைத்த நீரை நாள்தோறும் பருகுவர். காசுக்கட்டியைச் சொன்னதும் வெற்றிலை போடுவோர் மகிழவேண்டாம். அதோடு சேரும் பாக்கு வாய்ப்புற்றை உண்டாக்குவது என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆராய்ச்சிப் பிரிவு முடிவு சொல்லிப் பல ஆண்டுகள் ஆகின்றன. புகையிலை சேராத பாக்குக்கும் இது பொருந்தும்.

இப்போது மாலைக்கு வருவோம். திண்டுக்கல் அருகே உள்ள பாதாள செம்பு முருகன் கோயில் கருங்காலி மாலையால் பெயர்பெற்றது. அங்கிருந்தும் பிற இடங்களிலிருந்தும் 2020களில் இந்த வழக்கம் வேகமாகப் பரவி, தபாலில் ஐரோப்பாவுக்கும் வந்துவிட்டது. பக்தியோடு மாலை அணிவது அவரவர் விருப்பம். அதில் எவரும் தலையிடுவதற்கில்லை. ஆனால் விற்போர் சிலர் இம்மாலை இரத்த அழுத்தத்தைக் குறைக்கும், சலரோகத்தைக் கட்டுப்படுத்தும், மணியை ஊறவைத்த நீரைக் குடித்தால் குளிசை தேவையில்லை என்றெல்லாம் சொல்கின்றனர். இதில்தான் ஆபத்து.

மரமணி தோலில் படுவதால் இரத்த அழுத்தமோ சீனியின் அளவோ குறையும் என்பதற்கு ஆதாரம் எதுவுமில்லை. நம் நாட்டவருக்குச் சலரோகம் ஐரோப்பியரைவிட இளமையிலேயே, உடல் பருக்காதபோதும் வருகிறது. அழுத்தம் கூடியிருப்பதை உடல் உணர்த்துவதில்லை. குளிசையை நிறுத்திய அன்று ஒன்றும் ஆகாது, அடுத்த மாதமும் ஒன்றும் ஆகாது. மாலையால் சுகம் வந்துவிட்டது என்ற நம்பிக்கை உறுதிப்படும். பிறகு ஒருநாள் பக்கவாதமாகவோ சிறுநீரகக் கோளாறாகவோ கணக்குத் தீர்க்கப்படும். மாலை கழுத்தில் இருக்கட்டும். குளிசையும் வயிற்றில் இருக்கட்டும். நிறுத்துவதா, குறைப்பதா என்பதைக் குடும்ப வைத்தியரிடம் கேட்டே செய்யவேண்டும்.

'வெறும் மரத்தண்ணீர்தானே, என்ன தீங்கு?' என்பாருமுண்டு. கடும் துவர்ப்புள்ள நீரைச் சாப்பாட்டோடு குடித்தால், மரக்கறி உணவிலுள்ள இரும்புச்சத்து உடலில் சேர்வது குறையும். இரத்தச்சோகை உள்ள பெண்களும் கர்ப்பிணிகளும் இதனை மறக்கலாகாது. மேலும், கதிரத்தின் சாற்றையும் சீன மூலிகையொன்றின் சாற்றையும் சேர்த்து மூட்டுவலிக்கென அமெரிக்காவில் விற்கப்பட்ட மருந்தொன்று சிலருக்கு ஈரலையும் நுரையீரலையும் பாதித்ததாக அறியப்பட்டு, 2017இல் அந்நாட்டு மருந்து நிர்வாகம் எச்சரிக்கை விடுத்தது. அடுத்த ஆண்டு அது திரும்பப் பெறப்பட்டது. எந்தச் சாறு தீங்கு செய்தது என்ற விவாதம் ஒருபுறம் இருக்கட்டும். மூலிகை என்றாலே தீங்கில்லை என்ற வாதம் அங்கே உடைந்தது.

அசலைக் கண்டுபிடிக்க மணியை நீரில் போட்டுப் பார்க்கச் சொல்கின்றனர். அமிழ்ந்தால் அசலாம். கனமான எந்த மரமும் அமிழும். நன்றாகக் காய்ந்த அசல் மணியும் சிலவேளை மிதக்கும். நீரில் கறுப்புச் சாயம் இறங்கினால் சாயமிட்டது என்று மட்டும் அறியலாம். அணிந்த இடத்தில் அரிப்பும் சிவப்பும் கண்டால் கழற்றிவிடுவதே முறை. எபெனம் இனத்து மரத்தூளால் தச்சருக்குத் தோல் அழற்சி வருவது நெடுங்காலம் அறிந்த செய்தி.

வசைக்குத் திரும்புவோம். மரங்களிலே உறுதியான மரத்தின் பெயர் எப்படித் துரோகிக்கு வந்தது? கோடாலிக்குக் காம்பு கருங்காலியில் போடுவர், அக்காம்பே தன் இனத்தை வெட்ட உதவுகிறது, ஆகவே குலத்தைக் கெடுப்பவனுக்கு அப்பெயர் என்று ஒரு விளக்கம் ஊரில் உண்டு. கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அது பிறகு பொருத்தப்பட்ட கதை என்றே தோன்றுகிறது. ஆங்கிலத்தில் வேலைநிறுத்தத்தைக் குலைத்து வேலைக்குப் போகிறவனைப் 'பிளாக் லெக்', அதாவது கறுத்தக் கால் என்பர். தொழிற்சங்கம் தமிழுக்கு வந்தபோது அந்தச் சொல்லும் வந்தது, மொழிபெயர்த்தால் கருங்-கால்-இ. மரத்தின் பெயர் அங்கே ஆயத்தமாக நின்றது. மலையாளம் இதனைத் தெளிவாகக் காட்டுகிறது. அங்கே மரம் 'கரிங்ஙாலி'. வேலைநிறுத்தத்தைக் குலைப்பவன் 'கரிங்காலி'. இரண்டு வேறு சொற்கள். தமிழில் மட்டும் இரண்டும் ஒன்றாகிப் பாவம் மரத்தின் தலையில் விழுந்தது.

இலங்கையில் 1980 யூலை வேலைநிறுத்தத்தின்போது ஏறத்தாழ 40,000 பேர் வேலை இழந்தனர். அத்தகைய நாளில் உள்ளே போனவனை வெளியே நின்றவன் என்ன சொல்லி அழைத்திருப்பான் என்று கூறவேண்டியதில்லை. அக்கோபத்துக்கு நியாயமும் உண்டு. ஆனால் சொல் அங்கே நிற்கவில்லை. போர் நடந்த ஆண்டுகளில் துரோகி, காட்டிக்கொடுப்பவன், கருங்காலி என்ற பெயர்கள் ஆதாரம் பார்க்காமலே சூட்டப்பட்டன. சிலருக்கு அதுவே உயிருக்கு உலையாயிற்று. இன்று கூட்டங்களில் கணக்குக் கேட்டவருக்கும், வீட்டுவேலைக்குக் குறைந்த சம்பளத்துக்கு ஒப்புக்கொண்ட புதியவருக்கும் அதே சொல் வந்து விழுகிறது. அந்தப் புதியவர் வாடகை கட்ட வழியில்லாமல் ஒப்புக்கொண்டவர். அவருக்கு வேண்டியது வசையன்று. இந்நாட்டு வேலை ஒப்பந்தம் என்ன சொல்கிறது என்று எடுத்துச்சொல்ல ஓர் ஆள்.

இத்தாலியருக்கும் இவ்விடயத்தில் ஒரு சொல் உண்டு: 'க்ரூமீரோ'. அது மரத்தின் பெயரன்று, மக்களின் பெயர். தூனிசியாவின் வடமேற்கு மலைகளில், தபர்க்கா என்னும் கடற்கரை ஊருக்கு மேலே, குரூமிர் என்னும் குடியினர் வாழ்கின்றனர். அவர்கள் அல்ஜீரிய எல்லையைத் தாண்டிச் சூறையாடினர் என்பதைச் சாட்டாக வைத்து 1881இல் பிரான்ஸ் தூனிசியாவைக் கைப்பற்றியது. செய்தித்தாள்களில் அப்பெயர் வசையாக அடிபட்டு, பிரெஞ்சிலிருந்து இத்தாலிக்கு வந்து, வேலைநிறுத்தத்தைக் குலைப்பவனுக்கு ஒட்டிக்கொண்டது. கால்சா என்ற பெயரும் அக்கரையிலிருந்து வந்த அரபுக்காரர் 937இல் கட்டிய 'அல் காலிசா' என்னும் அரண்நகரின் பெயர்தான். தூயது என்று பொருள். பலெர்மோத் துறைமுகத்திலிருந்து இன்றும் தூனிசுக்குக் கப்பல் போகிறது. ஆடுமாடு மேய்த்து மலைச்சரிவில் பயிர்செய்த அந்தக் குரூமிர்கள் தம் வாழ்நாளில் ஒரு தொழிற்சாலையின் வாசலையும் கண்டவர்கள் அல்லர்.