பாழ்மனை பார்த்த படங்கள் – 9: அண்ணன் இருக்கும் வீட்டில் தம்பியும் இருக்கிறான்

இந்த வாரம் செட்டிநாட்டுக்குப் போவோம் என்று எழுதியிருந்தேன். போகவில்லை. கொத்தமங்கலத்துச் சாரதா விலாஸும் அதைச் செப்பனிட்ட இரண்டு பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர்களும் இன்னும் ஏழு நாள் பொறுத்திருக்கட்டும். அமெரிக்காவிலிருந்து போன பிரான்ஸெஸ் இத்தாலியின் கொர்ட்டோனாவில் பாழ்வீடு வாங்கிய கதையை மறந்தவர்கள் சென்ற இதழைத் தேடி எடுத்துக்கொள்ளுங்கள். திரும்பச் சொல்ல இடமில்லை. அந்த வீடு எப்படிப் பாழாயிற்று என்ற கேள்வியோடு முடித்திருந்தேன். அதற்கு விடை தேடப் போய் 1911ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றில் கால் புதைந்துவிட்டது. செட்டிநாட்டுப் பயணம் தள்ளிப்போனதற்கு அதுதான் காரணம்.

வெளிநாட்டில் இடிந்த வீட்டை எடுத்துச் செப்பனிடும் படங்களில் எதிரி யார் என்று பாருங்கள். பிரான்ஸெஸின் கதையான, 2003இல் வந்த ‘அண்டர் த டஸ்கன் சன்’ படத்தில் சுவர். 2006இல் ரிட்லி ஸ்கொட் எடுத்த ‘எ குட் இயர்’ படத்தில் வற்றிய நீச்சல் குளமும் வாயில் வைக்க முடியாத வைனும். எதிரி எப்போதும் மழையாக, வெயிலாக, சாவகாசமாக வந்து சேரும் மேசனாகவே இருப்பான். பணமும் பொறுமையும் கொஞ்சம் காதலும் இருந்தால் அவனை வென்றுவிடலாம். என் வாதம் இதுதான்: உலகத்துப் பாழ்வீடுகளில் பெரும்பங்கை மழை இடிக்கவில்லை, பங்கு இடித்தது. ஓடு உடைந்தால் ஒருவர் ஏறி மாற்றிவிடலாம். அந்த ஓட்டுக்குப் பதினேழு பேர் சொந்தக்காரர் என்றால் யார் ஏறுவது, யார் காசு போடுவது? பதினேழு பேரில் ஐந்து பேர் எந்த நாட்டில் என்றே தெரியாதபோது அந்த வீட்டை விற்கவும் முடியாது, திருத்தவும் முடியாது. ஒழுகவிடலாம், அதற்கு மட்டும் யாருடைய கையெழுத்தும் தேவையில்லை.

இத்தாலியிலேயே இதற்குச் சான்று இருக்கிறது. ஒரு யூரோவுக்கு வீடு என்று 2008இல் சிசிலியின் சலேமி அறிவித்தது. 2019இல் சம்புக்கா அதே அறிவிப்பால் உலகச் செய்தியானது. இரண்டும் 1968 பெலிச்சே நிலநடுக்கம் உலுக்கிய ஊர்கள். சம்புக்கா சொன்னபடி விற்றுக் காட்டியதற்குக் காரணம், அது ஏலத்துக்கு விட்ட வீடுகள் ஊராட்சியின் கைக்கே வந்துவிட்டவை என்பதுதான். ரோமுக்குத் தெற்கே உள்ள பத்ரிக்கா என்ற மலையூரும் அதே வழியில் போகப் பார்த்துத் தடுக்கி விழுந்தது. அங்கே வீடுகள் வாரிசுகளிடம் இருந்தன. தாத்தா காலத்தில் கடல் கடந்து போனவர்களின் பேரப்பிள்ளைகள் எல்லோரையும் கண்டுபிடித்துக் கையெழுத்து வாங்க வேண்டும். கண்டுபிடித்தாலும் உடன்பிறந்தவர்கள் ஒருவருக்கொருவர் விட்டுக்கொடுப்பதில்லை. இதை வாசிக்கும் யாழ்ப்பாணத்துக்காரர் யாரும் இத்தாலியை இனி வெளிநாடு என்று சொல்ல மாட்டார்.

படம் என்பது கனவு, அதற்குள் நொத்தாரிசை ஏன் இழுக்கிறீர்கள் என்று கேட்பீர்கள். நியாயமான முதல் ஆட்சேபம். ஆனால் கதை இந்தியாவுக்கு நகர்ந்தவுடனே என்ன நடக்கிறது என்று பாருங்கள். ஜோன் மேடன் இயக்கிய ‘த பெஸ்ட் எக்ஸொட்டிக் மெரிகோல்ட் ஹோட்டல்’ படத்தில் சோனி என்ற பையன் தகப்பனின் பாழ் மாளிகையை ஹோட்டலாக்கப் பாடுபடுகிறான். அவனுக்கு வில்லன் கூரையும் அல்ல, குழாயும் அல்ல. அண்ணன்மார் இருவர், ஆளுக்கு மூன்றிலொரு பங்கு, இடித்துவிடலாம் என்பது அவர்கள் கட்சி. டஸ்கனியில் இல்லாத பங்காளி ராஜஸ்தானில் எங்கிருந்து முளைத்தான்? நம் பக்கத்து வீடு என்றால் பங்காளி இருந்தே தீருவான் என்று ஹொலிவூட்டுக்கும் தெரிந்திருக்கிறது. ஐரோப்பாவிலும் ஒரு படம் அந்தக் கதவைக் கொஞ்சம் திறந்தது. ‘எ குட் இயர்’ படத்தில் மாமாவின் சொத்து ரஸ்ஸல் க்ரோவுக்கு வந்து சேர்ந்தபின், மாமாவுக்கு நான் பிறந்தவள் என்று கலிபோர்னியாவிலிருந்து ஒரு பெண் வந்து நிற்கிறாள். நல்ல முடிச்சு. அவிழ்ப்பதோ மாமாவின் கையெழுத்தைப் போல எழுதிய ஒரு போலிக் கடிதம்! அங்கே அது பெருந்தன்மை. இங்கே அதற்குக் கள்ள உறுதி என்று பெயர்; விசாரிக்க வேறு ஆட்கள் வருவார்கள்.

இனி அந்த 1911. முதலில் அதற்கு நாற்பது வருடம் பின்னால் போக வேண்டும். இலங்கையின் 1871ஆம் ஆண்டு 22ஆம் இலக்கக் கட்டளைச் சட்டப்படி, ஒருவர் ஒரு காணியை இடையூறில்லாமல், உரியவருக்கு எதிராகப் பத்து வருடம் ஆண்டால் அது அவருடையதாகலாம். இந்தச் சட்டம் இன்றும் உயிரோடு இருக்கிறது. ஊரில் பத்து வருட ஆட்சி என்று சொல்வது இதைத்தான். அப்படியானால் எல்லோரும் வெளியூர் போனபின் தனியே வீட்டைக் கட்டிக்காத்த அண்ணனுக்குப் பத்து வருடத்தில் முழு வீடும் சொந்தமாகிவிடுமா? ‘கொரயா எதிர் அப்புஹாமி’ என்ற வழக்கில் லண்டன் பிரிவி கவுன்சில் இல்லை என்றது. உடன்பங்காளி ஒருவர் ஆள்வது சட்டத்தின் கண்ணில் எல்லாப் பங்காளிகளும் ஆள்வதுதான். எனக்கே எனக்கு என்று அவர் மனதுக்குள் நினைத்திருந்தது செல்லாது. மற்றவர்களின் உரிமையை வெளிப்படையாக மறுத்துத் தள்ளியிருக்க வேண்டும், அல்லது அதற்கு ஒப்பான ஒன்றைச் செய்திருக்க வேண்டும். பின்வந்த தீர்ப்புகள் இதில் சில சந்துபொந்துகளைத் திறந்தன. ஆனாலும் இந்தக் கருத்தின் அழகைப் பாருங்கள். கொக்குவிலில் அண்ணன் காலையில் எழுந்து முற்றம் கூட்டும்போது, டொரொண்டோவில் பனி வழிக்கும் தம்பியும் சட்டப்படி அதே முற்றத்தில் நிற்கிறான். அண்ணன் படுக்கும்போது தங்கையும் லா சப்பலிலிருந்து வந்து அதே திண்ணையில் படுக்கிறாள். எந்தத் திரைக்கதைக்காரருக்கும் தோன்றாத காட்சியை நீதிபதிகள் சில வரிகளில் எழுதிவிட்டார்கள்.

இதன் மறுபக்கம் அவ்வளவு அழகாக இல்லை. எல்லோரும் எப்போதும் அந்த வீட்டில் இருப்பதாகச் சட்டம் கருதினால், அண்ணன் தன் காசில் கூரை மாற்றப் பயப்படுவான். யாருடைய கூரையை மாற்றுகிறான்? பங்கு பிரிப்பு வழக்குப் போட்டால் பிள்ளைகள் காலத்தில் தீர்ப்பு வரும். தன் பங்கை வெளியாளுக்கு விற்றுவிட்டுப் போகலாம் என்றால் வடக்கில் தேசவழமை நிற்கிறது. 1706இல் கிளாஸ் ஐசாக்ஸ் என்ற ஒல்லாந்த அதிகாரி யாழ்ப்பாண வழக்கங்களைத் தொகுத்து, பன்னிரண்டு முதலிமார் பார்த்துச் சரியென்ற தொகுப்பு அது. 1947இல் அதற்கென்றே வந்த கட்டளைச் சட்டமொன்று, பங்காளிக்கும் வாரிசாகக் கூடியவருக்கும் முதலில் அறிவித்துவிட்டுத்தான் பிறருக்கு விற்கலாம் என்கிறது. முதுசத்தைக் குடும்பத்துக்குள் காக்கப் பிறந்த விதி. இன்று பல வளவுகளில் அது காப்பது வேம்பையும் வௌவாலையும்தான்.

இரண்டாவது ஆட்சேபம் தலைப்பைப் பற்றியது. இந்தத் தொடர் பிற நாட்டில் வீடு திருத்துகிறவர்களைப் பற்றியது. கொக்குவில் தம்பி தன் ஊருக்குத்தானே திரும்புகிறான், அவன் எப்படி வெளிநாட்டான்? அவனுடைய கடவுச்சீட்டைக் கேளுங்கள். இந்த நாட்டில் வெளிநாட்டவருக்கு விற்கும் காணிக்கு 2004இல் நூற்றுக்கு நூறு வரி வந்தது. 2014ஆம் ஆண்டின் 38ஆம் இலக்கச் சட்டம், ஒருசில விலக்குகள் தவிர, விற்பனையையே மூடியது. கனடாக் குடியுரிமை எடுத்து, இரட்டைக் குடியுரிமை கேட்டு வாங்காமல் விட்டவர் அந்தச் சட்டத்தின் முன் வெளிநாட்டவர். தகப்பன் வழியில் வருவதை அவர் ஏற்கலாம். நெருங்கிய உறவு நன்கொடையாக எழுதினால் அதையும் ஏற்கலாம். ஆனால் அண்ணனின் பங்கைக் காசு கொடுத்து வாங்கி வீட்டை ஒரே கைக்குக் கொண்டுவர நினைத்தால், பிரான்ஸெஸுக்கு இத்தாலியில் இல்லாத தடை அவருக்குப் பிறந்த ஊரில் இருக்கிறது. இதைவிடச் சுத்தமான ‘அந்நிய நாட்டில் வீடு திருத்தும்’ கதை வேறெங்கே கிடைக்கும்?

மூன்றாவதுதான் வலுவானது. உறுதியைப் பற்றி ஆயிரம் பேசு, சுவரைக் காத்தவன் யார்? காலிக் கோட்டை 1988இல் உலக மரபுரிமைப் பட்டியலில் ஏறிய பிறகும் ஒழுகிக்கொண்டிருந்த பல வீடுகளுக்கு வெளிநாட்டுக் காசு வந்துதானே கூரை வந்தது? உண்மை, மறுக்க முடியாது. அந்நியக் கண்ணுக்கு வீடு மட்டும் தெரிகிறது. உள்ளூர்க் கண்ணுக்கு வீட்டோடு சித்தப்பாவின் பழைய சண்டையும் தெரிகிறது. ஆனால் அந்நியருக்கு அந்தச் சுலபம் எங்கிருந்து வந்தது? பங்குகளெல்லாம் ஒரு கையில் சேர்ந்த வீடு, அல்லது வாரிசுகள் எல்லோரும் கையெழுத்துப் போட இசைந்த வீடுதான் அவரை வந்தடைகிறது. கஷ்டமான பாதி படம் தொடங்குமுன் முடிந்துவிட்டது. இந்தத் தீவில் அந்நியர் கட்டிய வீடுகளில் மிகப் புகழ்பெற்றது வெலிகமக் குடாவில் கவுண்ட் டி மோனி 1920களில் எழுப்பிய எண்கோண மாளிகை. பங்காளி வரவே முடியாத இடமாக அவர் தேர்ந்தெடுத்தது கடலுக்குள் இருந்த ஒரு பாறைத் தீவை. 1950களில் அதை வாங்கிய எழுத்தாளர் போல் பௌல்ஸ் மின்சாரமில்லாமல், கடலில் இறங்கி நடந்துதான் வீடு போனார். அவர் மனைவிக்கு வௌவால்களைக் கண்டே வெறுத்துவிட்டது. இதற்கும் நம் வாதத்துக்கும் தூரத்து உறவுதான். என்றாலும் ஒன்றைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை: அந்தக் கவுண்ட் 1941இல் இறந்தது தன் தீவில் அல்ல, நாவற்குழியில். யாழ்ப்பாணத்தில் அடக்கம்.

இவற்றுக்கெல்லாம் எதிர்ப்படம் ஒன்று இருக்கிறது. அதை எடுத்தவர் கொழும்பு ஹெவ்லொக் டவுனில் டிக்மன்ஸ் வீதியில் வாழ்ந்தவர். இப்போது அந்த வீதிக்கே லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் என்று அவர் பெயர். எண்பது வயது கடந்தபின், 2002இல் செக்கோவின் ‘செரித் தோட்டம்’ நாடகத்தைத் தழுவி ‘வெகந்த வலவ்வ’ எடுத்தார். லண்டனிலிருந்து மகளோடு ஒரு பெண் பிறந்த மாளிகைக்குத் திரும்புகிறாள். டஸ்கனிப் படமாக இருந்தால் அடுத்த காட்சியில் சுண்ணாம்பு குழைத்திருப்பார்கள். இங்கே கடன் நிற்கிறது, ஏலம் வருகிறது. எல்லோரும் பேசுகிறார்கள், யாரும் எதுவும் செய்வதில்லை. ஒஸ்கார் வெளிநாட்டு மொழிப் பிரிவுக்கு இலங்கை முதன்முதலில் அனுப்பிய படம் இது. வீட்டைக் காப்பாற்றாமலே ஒரு வீட்டுப் படம் எடுக்கலாம் என்று காட்டியதற்காக, இந்தத் தொடரில் இதுவரை பார்த்த அத்தனையிலும் இதற்கே முதலிடம் கொடுப்பேன். வலவ்வ என்ற சொல் நம் வளவுக்குச் சொந்தமாகக் காதில் விழுகிறதல்லவா? அதைப் பிடித்துக்கொண்டு போனால் பக்கம் போதாது. ஆசிரியர் தந்த நேரமும் முடிகிறது.

பீரிஸ் வாழ்ந்த அதே பக்கத்தில், ஹெவ்லொக் வீதியில், வெள்ளவத்தை ஸ்பினிங் மில் நின்ற நிலத்தில் இன்று ஹெவ்லொக் சிட்டி மாடிகள் நிற்கின்றன. ஊரில் வளவை வேம்புக்கு விட்டுவிட்டு, வெளிநாட்டிலிருந்து திரும்புகிற நம்மவர் இப்படிப்பட்ட மாடிகளில் வீடு வாங்குவதை ஆடம்பரம் என்று எழுதுகிறார்கள். எனக்கு அதில் கணக்குத் தெரிகிறது. 2014ஆம் ஆண்டுச் சட்டம் வந்தபோதே நான்காம் மாடியிலும் அதற்கு மேலும் வெளிநாட்டவர் வாங்கலாம் என்று விலக்கு வைத்தது. மாடிவீட்டுக்குச் சித்தப்பா இல்லை, ஒற்றி இல்லை, தொலைந்த தோம்பு இல்லை. அதோடு இந்தப் பக்கத்துத் தமிழருக்குப் பழைய வீடு என்றால் வேறொரு நினைவும் உண்டு. 1983 ஜூலைக் கலவரத்தில் எரிந்த ஆதனங்கள் ரெப்பியா என்ற அதிகாரசபையின் கீழ் அரசிடம் போயின. எரிந்த வீட்டுக்குச் சொந்தக்காரர் தன் வீட்டையே கேட்டு வாங்க வேண்டியிருந்தது. பாழ்வீட்டைக் கண்டால் கனவு வருவது, வீட்டைப் பறிகொடுக்காதவருக்குத்தான்.

பத்து வருட ஆட்சிக்கு வருகிறேன், ஏனென்றால் அது பங்காளிக்கு எதிராக ஓடாவிட்டாலும் வெளியாள் கையில் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. போரால் ஓடியவர்களின் காணியில் வேறொருவர் பத்து வருடம் இருந்தால்? 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் இதற்கென்று ஒரு கடிகாரத்தை நிறுத்தியது. 1983 மே 1 முதல் 2009 மே 18 வரை, ஆயுதக் குழுக்களின் நடவடிக்கையால் நீதிமன்றம் போக முடியாதிருந்தவருக்கு, அந்தக் காலம் ஆட்சிக் கணக்கில் சேராது. இருபத்தாறு வருடத்தை இல்லையென்று சொன்ன சட்டம். அதைக் கொண்டு வழக்கு வைக்கச் சட்டம் கொடுத்த அவகாசம் இரண்டு வருடம். அது 2018இல் முடிந்துவிட்டது.