ஆமை புகுந்த அடுக்களை

ஆமை புகுந்த வீடு உருப்படாது என்பது முதுமொழி. அதனை மூடநம்பிக்கையென்று நாம் தள்ளிவிடலாம். ஆயினும் ஆமை புகுந்த அடுக்களையைப் பற்றிச் சிறிது சொல்லாதிருக்க முடியவில்லை.

மாரி மழை ஓய்ந்ததும் கிண்ணியாவைச் சூழ்ந்த வயல்களிலும் குளங்களிலும் அகப்படும் ஆமைக் குஞ்சுகளைச் சிறுவர் வீட்டுக்குக் கொணர்வதுண்டு. அண்மையில் நாம் சென்ற வீடொன்றில் அரிசி களையும் சட்டியிலேயே ஆமைக் குஞ்சு நீந்திக்கொண்டிருந்தது. தவழ்ந்து வந்த பாலகன் அதனைத் தொட்ட விரலை வாயில் வைத்தான். எவரும் தடுத்திலர்.

ஆமை, பல்லி, தவளை முதலியவற்றின் குடலில் சல்மனெல்லா என்னும் பக்டீரியா வாழ்வதுண்டு; நெருப்புக் காய்ச்சற் கிருமியும் இவ்வினத்ததே. இதனால் ஆமை பெரும்பாலும் நோயுறுவதில்லை. பார்வைக்குச் சுத்தமாகவே தோன்றும். ஆனால் மலத்தோடு வெளிப்படும் கிருமி அதன் ஓட்டிலும் நீரிலும் படிந்திருக்கும். அது நம் வயிற்றுட் புகின் காய்ச்சலும் வயிற்றோட்டமும் உண்டாகும். ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கும் முதியோருக்கும் இரத்தத்திற் கலந்து உயிருக்கே ஆபத்து விளைவித்தலும் கூடும். குழந்தைகள் வாயில் வைக்கக்கூடிய சிற்றாமைகளால் இந்நோய் பரவியமையாலன்றோ, 4 அங்குலத்திற் குறைந்த ஓடுடைய ஆமைகளின் விற்பனையை அமெரிக்க அரசு 1975ஆம் ஆண்டில் தடைசெய்தது!

தாய்மாரே! ஆமையைத் தொட்ட பிள்ளையின் கைகளைச் சவர்க்காரமிட்டு உடனே கழுவுங்கள். ஆமை கிடந்த நீரை அடுக்களையிலோ கிணற்றடியிலோ ஊற்றாதீர்கள்; அது கிடந்த சட்டியைச் சமையலுக்கு எடுக்காதீர்கள். எல்லாவற்றினும் நன்று, பிடித்த இடத்திலேயே அதனை விட்டுவிடுதல். குளத்து ஆமை குளத்திலேயே வாழட்டும். குழந்தை வீட்டில் நலமாய் வளரட்டும்.