நிலமும் ஏடும் – 9: பாகம் பிரித்தாயிற்று, பட்டா?

சென்ற வாரம், பாகப்பிரிவினைப் பத்திரம் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவானதோடு நிறுத்தியிருந்தோம். பல குடும்பங்களும் அங்கேயே நின்றுவிடுகின்றன. ஆளுக்கொரு பத்திரத்தைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிடுகிறார்கள். வருவாய்த்துறை ஏட்டிலோ காலமான அப்பாவின் பெயரோ, எல்லோருக்கும் பொதுவான கூட்டுப்பட்டாவோ அப்படியே கிடக்கிறது. பயிர்க்கடன் கேட்கும்போதும், சாலைக்கு நிலம் எடுத்து இழப்பீடு கொடுக்கும்போதும்தான் அது தெரியவரும்.

ஒரு சர்வே எண் முழுதும் ஒருவர் பங்குக்கு வந்தால் பெயர் மாற்றம் மட்டும் போதும். ஒரே எண் துண்டாகும்போதுதான் உட்பிரிவு தேவை. 112/3 என்றிருப்பது 112/3ஏ, 112/3பி என்று பிரிய வேண்டும். இ-சேவை மையத்தில் விண்ணப்பித்தால் சர்வேயர் வந்து அளப்பார். புலப்படத்தில் புதுக் கோடு விழும். அதன் பிறகே தனிப்பட்டா.

சிக்கல் அளக்கும்போது வெடிக்கிறது. தாத்தா காலத்துப் பத்திரத்தில் ஏக்கரும் சென்ட்டும் இருக்கும். 1979 முதல் 1987 வரை நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டத்துக்குப் பிந்தைய ஏட்டில் ஹெக்டேரும் ஏரும் இருக்கும். இரண்டும் ஒத்துப்போகாத நிலங்கள் ஏராளம். பத்திரத்தில் மூன்று பேருக்கும் தலைக்கு ஒரு ஏக்கர் என்று எழுதியாயிற்று. தரையில் இருப்பதோ இரண்டு ஏக்கர் எண்பது சென்ட். குறையும் இருபது சென்ட் யார் தலையில்? கடைசித் துண்டுக்காரர் ஏற்க மாட்டார். நேற்றுவரை ஒரே வீட்டில் சாப்பிட்டவர்கள் பேச்சை நிறுத்திக்கொள்கிறார்கள். ஆகவே முதலில் அளந்து கல் ஊன்றுங்கள், பிறகு பத்திரம் எழுதுங்கள். கிணற்றுப் பங்கு, வண்டிப்பாதை, மோட்டாரின் மின் இணைப்பு மூன்றும் அதில் இருக்கட்டும்.

இன்னொன்று, சகோதரிகள். "சீர் செய்தாயிற்றே" என்று அவர்களை விட்டுவிட்டுப் பாகம் பிரிப்பது இன்றும் நடக்கிறது. சீர் வேறு, பங்கு வேறு. தமிழ்நாடு 1989-லேயே மகளுக்கும் கூட்டுக்குடும்பச் சொத்தில் பங்கு தந்தது, அன்று திருமணமாகியிருந்தவர்கள் நீங்கலாக. 2005-ல் மத்தியச் சட்டம் அந்த விலக்கையும் நீக்கியது. அந்த ஆண்டில் தந்தை உயிரோடு இருந்திருக்கத் தேவையில்லை என்று 2020-ல் உச்ச நீதிமன்றமும் தெளிவாக்கிவிட்டது. தங்கை மனமுவந்து விட்டுக்கொடுத்தால் விடுதலைப் பத்திரமாகப் பதியுங்கள். வாய்ச்சொல்லை வைத்து ஏடு மாறாது.

வட்டாட்சியர் அலுவலகம் மறுத்தால் மனம் தளர வேண்டாம். 1983-ஆம் ஆண்டின் பட்டா பாஸ்புத்தகச் சட்டப்படி கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யலாம். பாகம் பிரித்த கையோடு விண்ணப்பத்தைப் போட்டுவிடுங்கள். கையெழுத்திட்ட அண்ணன் தம்பி அக்கா தங்கை எல்லோரும் நலமாக இருக்கும்போதே அதை முடித்துக்கொள்ளுங்கள்.

(தொடரும்)